புறமுதுகு

அன்புள்ள ஆசிரியருக்கு,

முதல் உலகப் போரின்போது, 1916இல், கோழை என்று சொல்லித் தன் ராணுவமே சுட்டுக் கொன்ற பிரிட்டிஷ் சிப்பாய் ஹாரி ஃபார் பற்றிப் போன வாரம் எழுதியிருந்தீர்கள். என் அப்பா இருபது வருடம் மிலிட்டரியில் இருந்தவர். அவருக்கு வாசித்துக் காட்டினேன். "அதே குழியில் மற்றவன் நிற்கவில்லையா? புறமுதுகு காட்டினவனுக்கு என்ன பரிவு?" என்றார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

ஆர்.

அன்புள்ள ஆர்.,

அப்பாவுக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள். இதைக் கேட்க என்னைவிட அவருக்குத்தான் தகுதி அதிகம்.

ஆனால் ஃபார் முதல் வெடிச்சத்தத்துக்கே ஓடியவர் இல்லை. 1914இலேயே பிரான்ஸ் போனவர். 1915 மே மாதம் நிலைகுலைந்து, ஐந்து மாதம் ஆஸ்பத்திரியில் கிடந்தார். கை நடுக்கத்தில் பேனா பிடிக்க முடியாமல், மனைவிக்கு அவர் சொல்லச் சொல்ல நர்ஸ்தான் கடிதம் எழுதினார். தேறிவிட்டார் என்று திருப்பி அனுப்பினார்கள். மறுவருடம் பிரான்ஸில் நடந்த சோம் போரில், இனி தாங்காது என்று முன்வரிசைக்குப் போக மறுத்தார். ராணுவ விசாரணை சுமார் இருபது நிமிடம். அவர் பக்கம் பேச ஆளில்லை. அக்டோபர் 16 விடிகாலையில் சுட்டார்கள். வயது 25. மனைவிக்கு பென்ஷனும் இல்லை. மற்றவர்கள் நின்றார்களே என்றால், அவரும்தான் அதுவரை நின்றிருக்கிறார்.

கட்டுரையில் இடமில்லாமல் விட்டது ஒன்று உண்டு. போர்முனையில் சிப்பாய்கள் இப்படி நிலைகுலைவதை 'ஷெல் ஷாக்' (குண்டு அதிர்ச்சி) என்றார்கள். அந்தச் சொல்லை 1915இல் மருத்துவ இதழில் எழுதியவர் பிரிட்டிஷ் உளவியலாளர் சார்லஸ் மையர்ஸ். பக்கத்தில் குண்டு வெடித்த அதிர்ச்சிதான் காரணம் என்று முதலில் நினைத்தார்கள். பக்கத்தில் எதுவும் வெடிக்காதவர்களும் பேச்சு போய், பார்வை போய் வந்து நின்றார்கள். ராணுவம் என்ன செய்தது தெரியுமா? இரண்டு எழுத்து வைத்துப் பிரித்தது. எதிரியின் குண்டால் என்றால் 'டபிள்யூ': காயம்பட்டவன், சட்டைக் கையில் அதற்கான பட்டை குத்திக்கொள்ளலாம். இல்லாவிட்டால் 'எஸ்': வெறும் நோயாளி. நடுக்கம் என்னவோ ஒன்றுதான். குண்டு எத்தனை அடி தள்ளி விழுந்தது என்பதில் இருந்தது ஒருவனுடைய மானம்.

2006இல் ஃபார் உட்பட 306 பேருக்கு பிரிட்டன் மன்னிப்பு வழங்கியது. அந்தச் சட்டப்பிரிவைத் தேடிப் படித்தேன். இந்த மன்னிப்பு தீர்ப்பையோ தண்டனையையோ பாதிக்காது என்று அதிலேயே எழுதி வைத்திருக்கிறார்கள். ஆக, காகிதத்தில் ஃபார் இன்றைக்கும் கோழைதான். இதை அப்பாவுக்கு வாசித்துக் காட்டுங்கள். என்ன சொல்கிறார் என்று எனக்கு எழுதுங்கள்.