பஞ்சு, தையல், மாலி: வாசகர் கேள்விகள்

என் தாத்தா பெயர் பஞ்சாபகேசன். ஊரில் எல்லோருக்கும் அவர் 'பஞ்சு'. உங்கள் பூர்வீகம் பஞ்சாபா என்று அலுவலகத்தில் கேட்கிறார்கள். என்ன பதில் சொல்வது?
- வாசகர், திருவையாறு

உங்கள் ஊரின் பெயரையே பதிலாகச் சொல்லுங்கள். பஞ்ச, ஆபகா, ஈசன் என்ற மூன்றும் சேர்ந்ததுதான் பஞ்சாபகேசன். வடமொழியில் ஆபகா என்றால் ஆறு. ஐந்து ஆறுகளுக்கும் உரிய இறைவன் என்று பொருள். காவிரி, குடமுருட்டி, வெண்ணாறு, வெட்டாறு, வடவாறு என்று நம் பக்கத்துப் பெரியவர்கள் விரல் மடக்கிச் சொல்வார்கள். அதே சாமி தமிழில் ஐயாறப்பர். பஞ்சநதம் என்று பெயர் வைத்தாலும் அவர்தான். அம்பாள் அறம்வளர்த்தநாயகி, வீட்டுக்குள் வந்தால் தர்மாம்பாள், தர்மு. பஞ்சாப் மாநிலத்தின் பெயருக்கும் பாரசீகத்தில் ஐந்து நீர் என்றே பொருள். உறவு அவ்வளவுதான்.

நான் ஆசிரியராக இருந்த காலத்தில் அட்டெண்டன்ஸ் எடுக்கும்போதே பிள்ளையின் ஊரை ஓரளவு சொல்லிவிடலாம். சௌரிராஜன் என்றால் திருக்கண்ணபுரம். ராஜகோபாலன் மன்னார்குடி, சிங்காரவேலு சிக்கல், நீலாயதாட்சி நாகப்பட்டினம், அபிராமி திருக்கடையூர். பிழைப்புக்காக ஊர் மாறிய குடும்பங்கள்கூட இந்தப் பெயரை மட்டும் விடுவதில்லை. பழக்கமும் புதிதல்ல. தஞ்சைப் பெரிய கோயிலில் ராஜராஜன் குடியமர்த்திய 400 தளிச்சேரிப் பெண்டுகளின், அதாவது கோயிலில் ஆடிப்பாடிய பெண்களின், பெயர்கள் கல்வெட்டில் இருக்கின்றன. அதில் ஒருத்தி தில்லையழகி. இன்னொருத்தி எடுத்தபாதம்! நடராஜர் தூக்கிய திருவடியையே மகளுக்குப் பெயராக வைத்த அந்த வீட்டாரை நினைத்தால் எனக்கு இன்றும் மனம் நெகிழ்கிறது.

என் பெயர் தையல்நாயகி. 'தையல் மிஷின்' என்று பள்ளியில் கேலி செய்தார்கள். மாற்றிக்கொள்ளலாமா என்று பல தடவை யோசித்திருக்கிறேன்.
- வாசகி, சீர்காழி

மாற்றாதீர்கள் அம்மா. தையல் என்பது பழந்தமிழில் பெண்ணுக்கு உள்ள பெயர், அழகு என்ற பொருளும் சேர்ந்தது. ஆத்திசூடியில் 'தையல் சொல் கேளேல்' என்று வருகிறதே, அந்தத் தையல்தான். அந்த அறிவுரையை நான் என் வகுப்பில் ஏற்றுச் சொன்னதில்லை, ஆனால் சொல் நல்ல சொல். உங்கள் பெயர் வைத்தீசுவரன் கோயில் அம்பாளுடையது. ஒரே கோயிலில் சுவாமி பெயரால் வைத்தி, அம்பாள் பெயரால் தையல், முருகன் பெயரால் முத்துக்குமாரு என்று ஒரு வீட்டுப் பிள்ளைகள் அத்தனை பேருக்கும் பெயர் கிடைத்துவிடும். திருவாரூரில் பிறந்த முத்துசுவாமி தீட்சிதருக்கும் இந்த முத்துக்குமாரசுவாமியின் பெயரைத்தான் வைத்தார்கள் என்று சொல்வார்கள். அப்புறம், உங்களை 'தையு' என்று கூப்பிட வீட்டில் யாராவது இருந்தால் அவர்களை விட்டுவிடாதீர்கள்.

மகாலிங்கம் எப்படி 'மாலி' ஆனது? இதற்கெல்லாம் விதி உண்டா?
- வாசகர், திருவிடைமருதூர்

எழுதிவைத்த விதி இல்லை, ஆனால் நாக்குக்குத் தெரியும். நீளப் பெயரில் இரண்டு அசையைப் பிடித்துக்கொண்டு உ, இ, ஆ ஏதாவது ஒன்றில் முடிப்போம். சீனிவாசன் சீனு, கிருஷ்ணன் கிட்டு அல்லது கிச்சா, ரங்கராஜன் ரங்கு, சுப்பிரமணியன் சுப்புணி. மகாலிங்கத்தில் முதலும் நடுவும் சேர்ந்து மாலி. உங்கள் ஊர் மகாலிங்க சுவாமியின் பெயர் கொண்டு அங்கேயே 1926-இல் பிறந்த புல்லாங்குழல் மேதையை உலகம் மாலி என்றுதானே அறியும்?

செல்லப்பெயர் தேவைப்பட்டதற்குப் பெரிய காரணம் மரியாதை. பேரனுக்குத் தாத்தா பெயரை வைப்பார்கள். மருமகள் மாமனார் பெயரை வாயால் சொல்லமாட்டாள். பிள்ளையை எப்படிக் கூப்பிடுவது? அம்பி, குஞ்சு, மணி, பட்டு என்று ஏதோ ஒன்று. இதனால் ஒன்றாம் வகுப்பில் முதல் நாள் நான் முழுப்பெயரைக் கூப்பிட்டால் பல பிள்ளைகள் எழுந்திருக்காது. ஒருமுறை ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்ற ஒரு பாட்டி, "ஏ குஞ்சு, ஒன்னத்தான்டா சார் கூப்பிடுறாரு" என்று குரல் கொடுத்தார். அவன் அப்போதும் என்னைப் பார்க்கவில்லை, பாட்டியைப் பார்த்தே "உள்ளேன் ஐயா" என்றான்.

சில சமயம் செல்லப்பெயரே நிலைத்துவிடும். உ.வே.சா.வுக்கு வைத்த பெயர் வேங்கடராமன். வீட்டில் சாமா. மாயூரத்தில் படிக்கப் போனபோது ஆசிரியர் மீனாட்சிசுந்தரம் பிள்ளை அதைக் கேட்டு, சாமிநாதன் என்பதையே வைத்துக்கொள்ளச் சொன்னார். சியாமா சாஸ்திரியின் பெயரும் வேங்கடசுப்பிரமணியன், சியாமா என்பது வீட்டார் கூப்பிட்டதுதான்.

நண்பர்களில் ஒருவர் ஆரோக்கியசாமி, இன்னொருவர் நாகூர் மீரான். இவையும் ஊர்ப் பெயர்தானா?
- வாசகர், திருப்பூண்டி

ஆமாம். முன்னது வேளாங்கண்ணி ஆரோக்கிய மாதா, பின்னது நாகூர் ஆண்டவர். சாகுல், காதர் என்ற பெயர்களும் அவரை நினைத்து வைப்பவை. இரண்டு இடத்துக்கும் எல்லா மதத்தாரும் நேர்ந்துகொள்வார்கள்.

எங்கள் பாட்டி பெயர் குப்பம்மாள். பேத்திக்கு அதை வைக்க அப்பா ஆசைப்படுகிறார். எங்களுக்குக் கூச்சமாக இருக்கிறது.
- வாசகி, கும்பகோணம்

இந்தப் பெயரைக் கேட்டு யாரும் கூசவேண்டாம். முன்னே பிறந்த பிள்ளைகள் தக்காமல் போன வீட்டில், அடுத்ததைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுப்பார்கள். எமன் பார்த்தால் யாருக்கும் வேண்டாத பிள்ளை என்று போய்விட வேண்டும். அல்லது பக்கத்து வீட்டுக்காரியிடம் பிள்ளையைக் கொடுத்து, கொஞ்சம் தவிட்டைக் கொடுத்துத் திரும்ப வாங்குவார்கள். நெல் விளைகிற ஊரில் தவிட்டைவிட மலிவாக என்ன இருக்கிறது? பிச்சை, பிச்சையம்மாள், குப்புசாமி எல்லாம் இப்படி வந்தவை. உங்கள் பாட்டியைப் பெற்றவள் எத்தனை பிள்ளைகளைப் பறிகொடுத்தாளோ, வீட்டில் வயதான யாரிடமாவது கேளுங்கள்.

பேத்திக்கு நீங்கள் விரும்பும் பெயரை வையுங்கள், கூப்பிடுவதற்குக் 'குப்பு' இருக்கட்டும். அப்பாவுக்கும் நிறைவாக இருக்கும். அவசரம் வேண்டாம்: பிறந்து 12 மாதத்துக்குள் பிறப்புப் பதிவில் பெயரைக் கட்டணமின்றிச் சேர்க்கலாம். அதற்குமேல் தாமதக் கட்டணம் உண்டு. கொடுக்கும் முன் இனிஷியலையும் எழுத்துக்கூட்டலையும் தமிழிலும் ஆங்கிலத்திலும் இன்னொருவரை வாசித்துப் பார்க்கச் சொல்லுங்கள்.