ட்ரீ டேட்டா ஸ்ட்ரக்சர் நிஜ வேலையில் எங்கே பயன்படுகிறது?

கேள்வி இது: "தருமபுரிப் பக்கம் ஒரு கல்லூரியில் கம்ப்யூட்டர் சயின்ஸ் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். பைனரி ட்ரீ, ஏவிஎல், பி-ட்ரீ என்று ஒரு யூனிட் முழுக்க ஓடுகிறது. வேலைக்குப் போன சீனியர்களைக் கேட்டால் 'அதெல்லாம் நாங்கள் எழுதியதே இல்லை' என்கிறார்கள். அப்புறம் எதற்கு இது?"

சீனியர்கள் பொய் சொல்லவில்லை. நான் கிருஷ்ணகிரியில் இருந்துகொண்டு பத்திர எழுத்தர்களுக்கும் மாங்காய் மண்டிகளுக்கும் சின்னச் சின்ன மென்பொருள் எழுதித் தருகிறேன். ஏவிஎல் ட்ரீயை வேலைக்காக நானும் எழுதியதில்லை. ஆனால் ட்ரீயைத் தொடாமல் ஒரு நாள் வேலையும் ஓடுவதில்லை. ட்ரீ என்றால், உச்சியில் ரூட் என்ற ஒரு நோடில் (முடிச்சில்) தொடங்கிக் கீழே கிளை கிளையாகப் பிரியும் அடுக்கு. ஒரு நோடுக்கு நேர் மேலே இருப்பது அதன் பேரண்ட், மேற்கொண்டு பிரியாத கடைசி நோடு இலை.

குழப்பம் பாடத்திட்டத்தில் இருக்கிறது. இரண்டு தனிச் சமாச்சாரங்களை ஒரே யூனிட்டில் கட்டி வைத்திருக்கிறார்கள். ஒன்று, தரவே இயல்பில் ட்ரீயாக இருப்பது. மற்றது, தரவு வெறும் வரிசையாகக் கிடந்தாலும் சீக்கிரம் தேட வேண்டும் என்பதற்காக அதன்மேல் நாமே ஒரு ட்ரீ கட்டுவது. கல்லூரியில் நடத்துவது பெரும்பாலும் இரண்டாவதை. வேலைக்குப் போனதும் நம் கையில் வந்து விழுவது முதல் வகை. இரண்டாவதை டேட்டாபேஸ் எழுதியவர்கள் நமக்காக ஏற்கெனவே எழுதி வைத்துவிட்டார்கள்.

முதல் வகைக்கு உங்கள் வீட்டுப் பட்டாவையே எடுத்துப் பாருங்கள். மாவட்டம், வட்டம், வருவாய் கிராமம், அப்புறம் சர்வே நம்பர். பல வீடுகளில் அது 112 என்று மொட்டையாக இருக்காது, 112/2ஏ1பி என்று இருக்கும். 112 என்ற புலம் முதலில் 112/1, 112/2 என்று பிரிந்தது. பாகப்பிரிவினையில் 112/2 உடைந்து 2ஏ, 2பி ஆனது. 2ஏ வந்தவர் அதில் ஒரு பகுதியை விற்க, 2ஏ1, 2ஏ2. பிள்ளைகள் காலத்தில் 2ஏ1 மறுபடி உடைந்து 2ஏ1ஏ, 2ஏ1பி. எண்ணும் எழுத்தும் மாறி மாறி வரும்போது ஒவ்வொரு தடவையும் ட்ரீயில் ஒரு படி கீழே இறங்குகிறோம். பழைய எண்கள் நடுவில் இருக்கும் நோடுகள். இன்று தரையில் இருக்கிற நிலம் இலைகளில் மட்டும்தான் இருக்கிறது. 112/2ஏ-வை உட்பிரிவு செய்த பிறகு அந்த எண்ணில் தனியாக ஒரு நிலம் கிடையாது.

ஆனால் பழைய பத்திரத்தில் 112/2ஏ என்றுதானே எழுதியிருக்கும்? அதனால்தான் வில்லங்கம் பார்க்கிறவர் 2ஏ1பி-யை மட்டும் போட்டுத் தேடினால் போதாது. 2ஏ1, 2ஏ, 2 என்று ரூட்டை நோக்கி ஏறிக்கொண்டே தேட வேண்டும். உங்கள் பாடத்தில் இலையிலிருந்து ரூட்டுக்குப் போகும் பாதை என்று இரண்டு மதிப்பெண் கேள்வியாக வருவது இதுதான். இன்டர்வியூவில் ஆசையாகக் கேட்கும் லோயஸ்ட் காமன் ஆன்செஸ்டரும் இதற்குள்ளேயே இருக்கிறது: 2ஏ1பி-யும் 2ஏ2-வும் கடைசியாக எந்த எண்ணில் ஒரே நிலமாக இருந்தன? வரப்புத் தகராறில் வக்கீல் கேட்கும் முதல் கேள்வியும் கிட்டத்தட்ட அதுதான். விடை 2ஏ.

இன்னொரு விஷயம். 2004 பிப்ரவரியில் தருமபுரி மாவட்டத்திலிருந்து கிருஷ்ணகிரி தனி மாவட்டமாகப் பிரிந்தது. நிலத் தரவை ஒரே நீள அட்டவணையாக வைத்து, ஒவ்வொரு வரியிலும் மாவட்டத்தின் பெயரை எழுதி வைத்திருந்தால் அன்றைக்கு லட்சக்கணக்கான வரிகளைத் திருத்த வேண்டும். ஒன்றிரண்டு விட்டுப்போனால் அந்த நிலம் பழைய மாவட்டத்திலேயே கிடக்கும். ட்ரீயாக வைத்திருந்தால் கிருஷ்ணகிரி, ஓசூர், தேன்கனிக்கோட்டை, போச்சம்பள்ளி, ஊத்தங்கரை என்ற ஐந்து வட்டங்களின் பேரண்ட்டை மட்டும் மாற்றினால் போதும். கீழே இருக்கும் கிராமமும் புலமும் தாமாகவே கூட வந்துவிடும். பின்னாளில் பர்கூர், சூளகிரி, அஞ்செட்டி என்று புது வட்டங்கள் வந்தபோதும் இதே கதைதான், சில கிராமங்களுக்குப் பேரண்ட் மாறுகிறது, அவ்வளவு.

இதை டேட்டாபேஸில் வைப்பதற்குப் பெரிய வித்தை எதுவும் வேண்டாம். ஒவ்வொரு வரியிலும் தன் ஐடி ஒன்று, தன் பேரண்ட்டின் ஐடி ஒன்று. ஒரு வட்டத்துக்குக் கீழே உள்ள எல்லாவற்றையும் எடுக்க 'வித் ரிகர்சிவ்' என்று ஒரு குவெரி. மைஎஸ்க்யூஎல்லில் இது 2018-ல் வந்த 8.0 பதிப்பிலிருந்துதான் உண்டு. போஸ்ட்கிரஸ்ஸில் 2009-லிருந்தே இருக்கிறது. பழைய மைஎஸ்க்யூஎல்லை வைத்துக்கொண்டு இன்னும் லூப் போட்டுக் குவெரி மேல் குவெரியாக அனுப்புகிறவர்கள் நிறைய இருக்கிறார்கள். அந்த மென்பொருள் காலையில் ஒரு வேகம், பதினொரு மணிக்குக் கூட்டம் வந்தால் ஒரு வேகம் என்று ஓடும்.

டிராவர்சலும், அதாவது எல்லா நோடுகளையும் ஓர் ஒழுங்கில் பார்த்து வருவதும், இங்கேதான் உயிர் பெறுகிறது. உட்பிரிவுகளின் பரப்பைக் கூட்டினால் தாய்ப் புலத்தின் பரப்பு வர வேண்டும். ஹெக்டேர், ஏர்ஸ் கணக்கில் இடித்தால் எங்கோ தப்பு. அதைச் சரிபார்க்க முதலில் பிள்ளைகளின் கணக்கை முடித்துவிட்டுத்தான் தாய்க்கு வர முடியும். அதற்குப் பெயர் போஸ்ட்-ஆர்டர். போல்டர் எத்தனை ஜிபி என்று உங்கள் லேப்டாப் சொல்வதும் அதே முறையில்தான். பிரி-ஆர்டர் எதற்கு என்றால், மேலிருந்து கீழே மெனு மாதிரி அச்சடிப்பதற்கு. இன்-ஆர்டர் முக்கியமாக, ஒவ்வொரு நோடிலும் சின்னது இடப்பக்கம், பெரியது வலப்பக்கம் என்று அடுக்கும் பைனரி சர்ச் ட்ரீயில்தான் பயன்படும். மூன்றையும் வரிசையாக மனப்பாடம் செய்கிறவர்களுக்கு இது யாரும் சொல்வதில்லை.

எல்லாமே ட்ரீ ஆகிவிடாது என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஒரு நோடுக்கு ஒரே பேரண்ட் என்பதுதான் விதி. கூட்டுப் பட்டாவில் உரிமையாளர் நாலு பேர், அதில் ஒருவருக்கு வேறு மூன்று பட்டா. அங்கே ட்ரீ உடைந்துவிடும், எந்த நோடும் எத்தனை நோடோடும் இணையலாம் என்கிற கிராஃப் வேண்டும். வாரிசுச் சான்றுக்கு ஒரு குடும்பத்தை வரையச் சொன்னார்கள் என்று வையுங்கள். மாமன் மகளையும் அக்காள் மகளையும் கட்டிக்கொள்கிற நம் பக்கத்துக் குடும்பத்தில் ஒரே ஆளுக்கு இரண்டு வழியில் போய்ச் சேரலாம். அதை ட்ரீயாகப் போட்டால் மாமனாரும் மாமாவும் தனித்தனி ஆட்களாகத் தெரிவார்கள்.

சரி, இரண்டாவது வகை. வரிசைப்படுத்தாத பத்து லட்சம் பதிவுகளில் ஒன்றைத் தேட வேண்டும். ஒவ்வொன்றாகப் பார்த்தால் மோசமான நேரத்தில் பத்து லட்சம் ஒப்பீடு. பைனரி சர்ச் ட்ரீ சமமாக இருந்தால் சுமார் 20. ஒவ்வொரு கேள்விக்கும் பாதித் தரவைத் திரும்பிப் பார்க்காமல் ஒதுக்கிவிடுகிறோம். ட்ரீயின் மொத்தப் பலனும் இந்த ஒதுக்குவதில்தான் இருக்கிறது.

'சமமாக இருந்தால்' என்பதை அடிக்கோடிட்டுக்கொள்ளுங்கள். மாங்காய் சீசனில் மண்டி பில் எண் 1, 2, 3 என்று ஏறுவரிசையில்தான் வரும். அதை அப்படியே சாதாரண பைனரி சர்ச் ட்ரீயில் போட்டால் எல்லாம் வலது பக்கமே போய் ஒரு சங்கிலி ஆகிவிடும், கட்டியதற்குப் பயனில்லை. இந்தத் தொல்லைக்காகத்தான் 1962-ல் அடெல்சன்-வெல்ஸ்கி, லாண்டிஸ் என்ற இரண்டு சோவியத் கணிதவியலாளர்கள், ஒரு பக்கம் சாயும்போது நோடுகளைச் சுழற்றித் தன்னைச் சமப்படுத்திக்கொள்ளும் ஏவிஎல் ட்ரீயைக் கொடுத்தார்கள். அவர்கள் பெயர்களின் முதல் எழுத்துகள்தான் ஏவிஎல். நான்கு ரொட்டேஷனையும் பரீட்சைக்குப் படித்துக்கொள்ளுங்கள். எதற்காகச் சுழற்றுகிறோம் என்பது மட்டும் பரீட்சைக்குப் பிறகும் நினைவிருந்தால் போதும். இதன் உறவுக்காரரான ரெட்-பிளாக் ட்ரீதான் ஜாவாவின் ட்ரீமேப். 2007-லிருந்து லினக்ஸ் கெர்னல் அடுத்து எந்த புராசஸை ஓட்டுவது என்று தேர்ந்தெடுக்கவும் அதைத்தான் வைத்திருக்கிறது.

டேட்டாபேஸ் மட்டும் ஏன் பைனரியை விட்டுவிட்டு பி-ட்ரீக்குப் போனது? ட்ரீ வட்டில் (டிஸ்கில்) இருக்கிறது, நினைவகத்தில் இல்லை. ஒவ்வொரு படி இறங்கும்போதும் வட்டிலிருந்து ஒரு தடவை படிக்க வேண்டும். பத்துக் கோடி வரிக்குப் பைனரி என்றால் 27 படி. போயிங் நிறுவனத்தில் வேலை பார்த்த ருடால்ஃப் பேயரும் எட்வர்ட் மெக்ரைட்டும் கண்ட வழி, ஒரு நோடில் ஒரே ஒரு சாவியை (தேடும் மதிப்பை) வைக்காமல் நூற்றுக்கணக்கில் வைப்பது; அவர்கள் கட்டுரை 1972-ல் இதழில் வெளியானது. மைஎஸ்க்யூஎல்லில் தரவைச் சேமிக்கும் பகுதியான இன்னோடிபியில் ஒரு பக்கம் (பேஜ், அதாவது ஒரு நோடு) 16 கேபி. அதில் ஆயிரம் சாவி பிடிக்கிறது என்று வைத்துக்கொண்டால், ரூட்டுக்குக் கீழே ஆயிரம், அதற்குக் கீழே பத்து லட்சம் இலைப் பக்கம். ஒரு இலையில் நூறு வரி என்றால் பத்துக் கோடி வரி மூன்றே படியில் முடிந்தது. மேல் படிகள் பெரும்பாலும் நினைவகத்திலேயே தங்கிவிடுவதால் வட்டுக்குப் போவது அநேகமாக ஒரு தடவைதான். இலைகள் பக்கத்து இலையோடு கோக்கப்பட்டிருப்பதால் 'ஒன்றாம் தேதி முதல் முப்பதாம் தேதி வரை' என்ற ரிப்போர்ட்டுக்கு முதல் இலையைப் பிடித்துவிட்டு அப்படியே பக்கவாட்டில் நடந்து போகலாம்.

இதை நீங்கள் எழுத வேண்டியதில்லை என்று சொன்னேன். டேட்டாபேஸில் இந்த ட்ரீக்குப் பெயர் இண்டெக்ஸ். ஆனால் உள்ளே என்ன வரிசையில் அடுக்கியிருக்கிறது என்று தெரியாமல் இண்டெக்ஸ் போட்டால் வீண். வட்டம், கிராமம், சர்வே நம்பர் என்ற வரிசையில் ஒரு இண்டெக்ஸ் இருக்கிறது. 'கிராமம் தெரியாது சார், நம்பர் மட்டும் தெரியும்' என்று வந்தால் அந்த இண்டெக்ஸ் உதவாது, ஏனென்றால் ரூட்டிலேயே எந்தப் பக்கம் திரும்புவது என்று தெரியவில்லை. அதேபோல் சர்வே நம்பரை எழுத்தாக வைத்தால் 112, 112/1, 112/10, 112/2 என்று அடுக்கும். 9 எங்கோ கடைசியில் போய் உட்காரும். '112/2 என்று தொடங்குவது' எனத் தேடினால் ட்ரீயில் ஒரு தொடர்ச்சியான பகுதி கிடைக்கும், வேகமாக வரும், ஆனால் கூடவே 112/20-ம் வந்து நிற்கும். '2ஏ1 என்று முடிவது' எனத் தேடினால் ட்ரீ கையை விரித்துவிடும். முழு அட்டவணையையும் படித்தாக வேண்டும்.

ஒதுக்குவதுதான் பலன் என்றேன் அல்லவா, அதற்கு எனக்குப் பிடித்த இரண்டு இடங்கள். போச்சம்பள்ளிப் பக்கம் ஒரு தோப்பில் நிற்கிறீர்கள், போன் காட்டும் ஜிபிஎஸ் புள்ளி எந்தப் புலத்துக்குள் விழுகிறது? ஒவ்வொரு புலத்தின் எல்லையையும் சோதிப்பது கொடுமை. பக்கத்துப் பக்கத்துப் புலங்களைச் செவ்வகத்துக்குள் அடைத்து, அந்தச் செவ்வகங்களைப் பெரிய செவ்வகத்துக்குள் அடைத்துக்கொண்டே போவது ஆர்-ட்ரீ. 1984-ல் கட்மன் கொடுத்தது. புள்ளி பெரிய செவ்வகத்துக்கு வெளியே என்றால் உள்ளே இருக்கும் ஆயிரம் புலத்தையும் விட்டுவிடலாம். போஸ்ட்கிரஸ்ஸில் வரைபடத் தரவுக்கான இணைப்பான போஸ்ட்ஜிஐஎஸ் இந்த முறையில்தான் தேடுகிறது. மற்றது, புரோகிராமின் பதிப்புகளைச் சேமித்து வைக்கும் கிட். ஒவ்வொரு பைலுக்கும் ஒரு ஹாஷ் (உள்ளடக்கத்திலிருந்து கணக்கிட்ட ஒரு கைரேகை எண்), போல்டருக்கு உள்ளிருக்கும் பெயர்களையும் ஹாஷ்களையும் சேர்த்து ஒரு ஹாஷ், இப்படியே ரூட் வரை. 1979-ல் ரால்ஃப் மெர்க்கிள் முன்வைத்த யோசனைதான் அடிப்படை. இரண்டு பதிப்பை ஒப்பிடும்போது ஒரு போல்டரின் ஹாஷ் ஒன்றாக இருந்தால் உள்ளே எட்டிப் பார்க்கவே வேண்டாம்.

மீதியை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். பிரவுசர் காட்டும் ஒவ்வொரு பக்கமும் டாம் என்ற ட்ரீ. 2+3*4 என்பதில் பெருக்கலை முதலில் செய்யும் கம்பைலருக்கு அந்த வரியே ஒரு ட்ரீ. ஜேபெக் படமும் ஜிப் பைலும் சுருங்குவதில் 1952-ல் ஹஃப்மன் கொடுத்த ட்ரீக்குப் பங்கு உண்டு. பெயரின் முதல் இரண்டு எழுத்தைத் தட்டியதும் மீதியைக் காட்டுவதற்குப் பொருத்தமானது டிரை என்ற ட்ரீ. ஓசூரிலிருந்து ஒகேனக்கல்லுக்குக் குறுகிய வழி கேட்டால் அதைக் கண்டுபிடிக்கும் டைக்ஸ்ட்ரா முறைக்குள்ளே வழக்கமாக ஓடுவது ஹீப் என்ற ட்ரீ.

இந்த யூனிட் முடிவதற்குள் இரண்டு காரியம் செய்து பாருங்கள். ஒரு போல்டரைக் கொடுத்தால் உள்ளே உள்ள ஒவ்வொரு போல்டரின் அளவையும் ரிகர்ஷனில் கூட்டிச் சொல்லும் புரோகிராம் ஒன்று. முப்பது வரிக்குள் முடியும். அப்புறம் மைஎஸ்க்யூஎல்லில் பத்து லட்சம் போலி வரிகளைப் போட்டு, ஒரே குவெரியை இண்டெக்ஸ் இல்லாமலும் இண்டெக்ஸ் போட்டும் 'எக்ஸ்ப்ளெயின்' கொடுத்து ஓட்டுங்கள். டைப் என்ற பத்தியில் 'ஆல்' என்று வந்தால் முழு அட்டவணையையும் படிக்கிறது என்று அர்த்தம். 'ரெஃப்', 'ரேஞ்ச்' என்று மாறினால் ட்ரீ வழியாக இறங்குகிறது.