கவுன்சிலரால் என்ன ஆகும்? விளாடெக் கதை

'கவுன்சிலர் பதவியை வைத்துக்கொண்டு ஒரு இடதுசாரியால் என்ன செய்துவிட முடியும்?' என்று கேட்டிருக்கிறீர்கள். தெருச் சாக்கடைக்காக மூன்று வருடம் மனு எழுதியவன் என்பதால் எனக்கும் அந்தச் சலிப்பு உண்டு. ஆனாலும் நியூயார்க்கின் விளாடெக்கைப் பற்றிச் சொல்கிறேன்.

1886இல் மின்ஸ்க் பக்கம் ஒரு சிற்றூரில் பிறந்த யூதர். சொந்தப் பெயர் பாருக் சார்னி. 'விளாடெக்' என்பது ரஷ்ய ஜார் ஆட்சியில் தலைமறைவு வேலைக்காக வைத்துக்கொண்ட பெயர். யூதத் தொழிலாளர் அமைப்பான 'பண்ட்'டில் சேர்ந்தார், ஜெயிலுக்கும் போனார், சின்ன வயதிலேயே மேடைப் பேச்சில் பேரெடுத்தார். 1908இல் அமெரிக்கா வந்துவிட்டார். அங்கே 'ஃபார்வர்ட்' என்ற நாளிதழின் நிர்வாகி; கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழியான இத்திஷில் வந்த பத்திரிகை அது. புரட்சி பேசிய மனிதர் விளம்பர வரவையும் காகிதச் செலவையும் கணக்குப் பார்த்தார் என்பது எனக்குப் பிடித்த விஷயம்.

1917இல் முதல் உலகப் போரை எதிர்த்து நின்ற சோசலிஸ்ட் கட்சி நியூயார்க் நகர மன்றத்தில் ஏழு இடம் பிடித்தது. புரூக்ளின் வில்லியம்ஸ்பர்கிலிருந்து போனவர் விளாடெக். ஏழு பேரை வைத்து எதை நிறைவேற்றுவது? பேசலாம், எதிர்த்து ஓட்டுப் போடலாம், அவ்வளவுதான். 1921க்குப் பிறகு அந்த இடமும் போயிற்று.

அப்புறம்தான் கதை சூடு பிடிக்கிறது. 1934இல் மேயர் லகார்டியா, புதிதாக அமைத்த நகர வீட்டுவசதி ஆணையத்தின் ஐந்து உறுப்பினர்களில் ஒருவராக இவரைப் போட்டார். மேயர் குடியரசுக் கட்சிக்காரர்! ஆனால் ஆடைத் தொழிற்சங்கங்களின் ஆதரவு அவருக்கு வேண்டியிருந்தது. விளாடெக் அந்த உலகத்து ஆள். மன்ஹாட்டனின் கீழ் கிழக்குப் பகுதியில் (லோயர் ஈஸ்ட் சைட்) வெளிச்சமே புகாத பழைய குடியிருப்புகளில் சிலவற்றை இடித்து, காற்றோட்டத்துக்கு இடம் விட்டு, 1935இல் 122 வீடுகளை ஆணையம் திறந்தது. அமெரிக்காவில் அரசு கட்டிய முதல் பொது வீடுகளில் அவையும் உண்டு.

அதே 1934இல் நாஜிகளை எதிர்க்க யூதத் தொழிலாளர் குழுவைத் தொடங்கியவர்களில் முக்கியமானவரும் இவர்தான். 1937இல், வாங்கும் ஓட்டுக்கேற்ப இடம் கிடைக்கும் விகிதாசாரத் தேர்தல் வந்ததும், தொழிற்சங்கங்கள் தொடங்கிய அமெரிக்கத் தொழிலாளர் கட்சியின் சார்பில் மறுபடி நகர மன்றத்துக்கு ஜெயித்தார். பத்து மாதம்கூட முழுதாக இருக்கவில்லை. 1938 அக்டோபரில் இறந்துவிட்டார்.

ஆக, உங்கள் சந்தேகம் பாதி சரி. வீடு கட்டுவதில் அவருக்குப் பங்கு கிடைத்தது கவுன்சிலராக இருந்தபோது அல்ல; சங்கங்களின் பலம் பின்னால் இருந்ததால். 1940இல் அதே பகுதியில் எழுந்த அரசுக் குடியிருப்புக்கு 'விளாடெக் ஹவுசஸ்' என்று பெயர். இன்றும் அங்கே ஆட்கள் குடியிருக்கிறார்கள்.