எந்த மண்ணில் எது விளைகிறது? விவசாயக் கேள்வி-பதில்

கேள்வி: பெப்ரவரி, மார்ச் மாதங்களில் அரிசி விலை சற்று இறங்குவதும் ஒக்டோபருக்குப் பிறகு ஏறுவதும் ஏன்? (வெள்ளவத்தை வாசகர்)

பதில்: வடகீழ்ப் பருவமழையை நம்பி விதைக்கப்படும் பெரும்போகமே ஆண்டு நெல் விளைச்சலில் ஏறத்தாழ ஐந்தில் மூன்று பங்கைத் தருகிறது. அம்பாறை, மட்டக்களப்பு, பொலன்னறுவை, அனுராதபுரம், குருணாகல், கிளிநொச்சி, மன்னார் என உலர் வலயத்து வயல்களிலும் அதை அடுத்த வயல்களிலும் ஜனவரிக் கடைசி முதல் மார்ச் வரை அருவி வெட்டு நடக்கிறது. நாட்டின் நெல்லில் பெரும்பங்கு இந்தச் சில வாரங்களுக்குள் சந்தைக்கு வந்து சேர்வதால் விலை தளர்கிறது. சிறுபோகத்தின் கதை வேறு. இரணைமடுக் குளத்திலோ கட்டுக்கரைக்குளத்திலோ மிஞ்சியிருக்கும் நீரைப் பார்த்து, எத்தனை ஏக்கர் விதைக்கலாம் என்று விவசாயிகளும் அதிகாரிகளும் போகத்துக்கு முன் கூடி முடிவு செய்கிறார்கள். குளம் நிரம்பாத ஆண்டில் விதைப்பும் சுருங்கிவிடும். ஓகஸ்ட், செப்டெம்பரில் வரும் அந்தச் சிறிய விளைச்சலைக் கொண்டே அடுத்த பெரும்போகம் வரை நாடு தாக்குப்பிடிக்க வேண்டியிருப்பதால்தான் ஆண்டிறுதியில் விலை ஏறுகிறது.

ஆனால் பருவத்தை மட்டும் குறை சொல்வது நியாயமாகாது. களஞ்சியமும் காய வைக்கும் களமும் கையில் பணமும் இல்லாத விவசாயி, இயந்திரம் வெட்டிக் கொட்டிய ஈர நெல்லை வயலோரத்திலேயே விற்றுவிடுகிறார். விலை ஏறும்போது அந்த நெல் அவரிடம் இருப்பதில்லை. அரசின் நெல் சந்தைப்படுத்தும் சபை உறுதியளித்த விலையில் செய்யும் கொள்வனவு அறுவடை தொடங்கும் முதல் வாரத்திலேயே நடைமுறைக்கு வந்தாலொழிய அந்த விலை அவருக்கு உதவாது என்பது என் உறுதியான கருத்து.

கேள்வி: 2021 ஆம் ஆண்டு இரசாயன உரத் தடை எல்லாப் பயிர்களையும் ஒரேயளவில் பாதித்ததா? (வத்தளை வாசகர்)

பதில்: இல்லை. இன்றைய நெல்லினங்கள் உரத்துக்கு நன்கு விளைச்சல் தரும்படி தெரிவு செய்யப்பட்டவை. உரிய வாரத்தில் தழைச்சத்து கிடைக்காவிட்டால் மட்டம் வெடிப்பது (அடியிலிருந்து பக்கத் தண்டுகள் கிளைப்பது) குறைந்து, அந்தப் போகத்திலேயே விளைச்சல் விழுந்துவிடும். தேயிலையிலும் கொழுந்து குறைந்தது. தென்னை போன்ற பல்லாண்டுப் பயிர்களில் பாதிப்பு மெதுவாக, பின்னரே தெரியும். அந்த நவம்பரில் தடை தளர்த்தப்பட்டபோது பெரும்போகம் தொடங்கிவிட்டிருந்தது. சேதனப் பசளை நல்லதே. ஆனால் அதற்கு மண்ணைப் பழக்கச் சில ஆண்டுகள் வேண்டும்.

கேள்வி: இப்போது நல்ல மழை பெய்கிறதே, தேங்காய் ஏன் இன்னும் மலிவாகவில்லை? (தெஹிவளை வாசகி)

பதில்: பாளை வெடித்ததிலிருந்து காய் முற்றுவதற்கு 11 முதல் 12 மாதங்கள் செல்லும். ஆகவே நீங்கள் இன்று வாங்கும் தேங்காயின் கணக்குச் சென்ற ஆண்டு வானிலையுடன்தான். பாளை வெடித்த முதல் மாதங்களில் வரட்சி தொடர்ந்தால் குரும்பைகள் உதிர்ந்துவிடும். ஒரு குலையில் பிடிக்க வேண்டிய காய்களில் சிலவே மிஞ்சும். அதன் பிறகு எவ்வளவு மழை பெய்தாலும் உதிர்ந்தவை திரும்பி வரா. இன்றைய மழை அடுத்த ஆண்டுக் குலைக்கே பயன்படும்.

குருணாகல், புத்தளம், கம்பஹா ஆகிய தெங்கு முக்கோணத்து மாவட்டங்களிலேயே உற்பத்தியின் பெரும்பகுதி நடப்பதால், அங்கே ஏற்படும் வரட்சி நாடு முழுவதையும் தொடுகிறது. ஆண்டுக்கு ஏறத்தாழ 2500 முதல் 3000 மில்லியன் காய்கள் கிடைத்தாலும் பெரும்பங்கு நம் சமையலறைகளுக்கே போய்விட, மிஞ்சியதற்கு ஏற்றுமதித் தொழிற்சாலைகள் போட்டியிடுகின்றன. கொழும்பை அண்டிய கம்பஹாவில் தென்னங்காணிகள் வீட்டு மனைகளாகத் துண்டாடப்படுவதை நான் மழையின்மையைவிடப் பெரிய இழப்பாகக் கருதுகிறேன். வரட்சி கடந்துபோகும், வீடு எழும்பிய காணி மீண்டும் தோப்பாவதில்லை.

கேள்வி: தேயிலையின் பெரும்பகுதி நுவரெலியாவிலிருந்துதானே வருகிறது? (கொட்டாஞ்சேனை வாசகர்)

பதில்: பலரும் அப்படித்தான் எண்ணுகிறார்கள். ஆனால் உற்பத்தியில் ஏறத்தாழ 60 சதவீதம், 600 மீற்றருக்குக் கீழே, காலி, மாத்தறை, இரத்தினபுரி போன்ற மாவட்டங்களில் விளையும் தாழ்நிலத் தேயிலை. அதைப் பெரும்பாலும் சிறு தோட்ட உரிமையாளர்களே வளர்க்கிறார்கள். கடுஞ்சாயம் விரும்பும் மேற்காசியச் சந்தைகளுக்கு அது பொருந்துகிறது. 1200 மீற்றருக்கு மேல் விளைவது அளவில் குறைவு, மணத்தில் உயர்வு. ஊவாத் தேயிலை யூலை முதல் செப்டெம்பர் வரையும், திம்புள்ளைத் தேயிலை ஆண்டின் முதல் மூன்று மாதங்களிலும், வறண்ட காற்று வீசும்போது தன் சிறந்த மணத்தைப் பெறுகிறது.

கேள்வி: கடையில் கிடைப்பது நம்முடைய கறுவாதானா என்று எப்படி அறிவது? (பம்பலப்பிட்டி வாசகி)

பதில்: குச்சியின் முனையைப் பாருங்கள். காலி, மாத்தறைப் பக்கத்துக் கறுவாவில் கடதாசி போன்ற மெல்லிய பட்டைகள் பல, ஒன்றுக்குள் ஒன்றாகச் செறிந்திருக்கும். விரலால் அழுத்தினால் நொறுங்கும். கசியா எனப்படும் மாற்றுப் பட்டை தடித்து, ஒரே சுருளாக, உள்ளே வெற்றிடத்துடன் இருக்கும். இளந்தண்டின் புறத்தோலைச் சுரண்டி, பித்தளைக் கோலால் தேய்த்து, பட்டையைக் கிழியாமல் கழற்றி, சிறு துண்டுகளை உள்ளே அடுக்கி நிழலில் உலர்த்துவது முழுக்கக் கைவேலை. அதுவே விலைக்கும் காரணம். கசியாவில் அதிகமாக உள்ள, ஈரலுக்குக் கேடான கூமரின் நம் கறுவாவில் மிகக் குறைவு. 2022 இல் ஐரோப்பிய ஒன்றியம் இதற்குப் புவிசார் குறியீடு வழங்கியது. தூளாக வாங்கினால் வேறுபாடு தெரியாது. குச்சியாக வாங்கி வீட்டில் இடித்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: யாழ்ப்பாணத்துச் சின்ன வெங்காயம் ஏன் இவ்வளவு விலை? (மட்டக்குளி வாசகர்)

பதில்: அங்கே ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு இல்லை, செம்மண் தோட்டங்களுக்குக் கிணற்று இறைப்பே கதி. விதை வெங்காயமும் எரிபொருளும் கூலியும் சேர்ந்து செலவைக் கூட்டுகின்றன. அளவுக்கு மிஞ்சி இடும் உரம் சுண்ணாம்புக்கல் வழியே இறங்கி அதே கிணறுகளில் குடிநீருக்குக் கேடான நைத்திரேற்றாகச் சேர்வதால், மண்ணைப் பரிசோதித்து உரமிடுவோரின் வெங்காயத்துக்குச் சந்தையில் சற்றுக் கூடிய விலை கொடுப்பது தகும்.