துரிஞ்சில் என்பது எந்த வௌவால்? எங்கே எழுதலாம், எங்கே தவிர்க்கலாம்?

பள்ளி மாணவர்களுக்கான அறிவியல் இதழ் ஒன்றுக்காக வௌவால்களைப் பற்றிய நீண்ட கட்டுரையை மொழிபெயர்த்துவரும் வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார்: “கட்டுரை முழுவதும் ‘வௌவால், வௌவால்’ என்றே வருவது சலிப்பூட்டுகிறது. அகராதியில் ‘துரிஞ்சில்’ என்ற சொல் கண்ணில் பட்டது. அதை வௌவாலுக்கு மாற்றுச் சொல்லாக எழுதலாமா? ‘துரிஞ்சில்கள் கூட்டமாகப் பறந்தன’ என்பது பிழையில்லாத தொடர்தானா? அதே சொல்லுக்கு மரம் என்றும் பொருள் போட்டிருப்பதால் தயக்கமாக இருக்கிறது.”

தொடரில் பிழை ஏதும் இல்லை. ஆனால் வௌவாலுக்குப் பொதுவான மாற்றுச் சொல்லாகத் துரிஞ்சிலை எழுதுவது சரியன்று. அகராதிகள் இச்சொல்லுக்குத் தரும் பொருள் ‘வௌவால் வகை’ என்பதாகும். ‘வகை’ என்ற அந்தச் சிறு சொல்லை நாம் எளிதில் கடந்துபோய்விடுகிறோம். நாரை ஒரு பறவை வகை என்பதால் பறவை என்று வரும் இடமெல்லாம் நாரை என்று எழுத மாட்டோம் அல்லவா? வௌவால் என்பது இனம் முழுவதற்கும் உரிய பொதுப்பெயர். துரிஞ்சில் அந்த இனத்துக்குள் ஒரு பகுதியைச் சுட்டும் பெயர். சலிப்பைப் போக்குவதற்காக இரண்டையும் மாற்றி மாற்றி எழுதினால், இரண்டு வேறு விலங்குகளைப் பற்றிய கட்டுரை என்று மாணவர் எண்ணிக்கொள்வார். அறிவியல் கட்டுரையில் ஒரே பொருளுக்கு ஒரே சொல் திரும்பத் திரும்ப வருவதைக் குறையாகக் கொள்ள வேண்டியதில்லை.

அப்படியானால் அந்தப் பகுதி எது? என் பரிந்துரை, பாழடைந்த மண்டபங்களிலும் குகைகளிலும் ஓட்டு வீடுகளின் இடுக்குகளிலும் பகலைக் கழித்து, அந்தி மயங்கியதும் பூச்சிகளைத் துரத்திக்கொண்டு வளைந்து வளைந்து பறக்கும் சிறிய வௌவால்களுக்கு இச்சொல்லை ஒதுக்கிக்கொள்ளலாம் என்பதே. மரக்கிளைகளில் வெட்டவெளியில் கூட்டமாகத் தொங்கும் பெரிய வௌவாலுக்குப் ‘பழந்தின்னி வௌவால்’ என்ற தெளிவான பெயர் ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது. சிறிய வகைக்குத்தான் நம்மிடம் ‘பூச்சியுண்ணும் வௌவால்’ என்ற விளக்கத் தொடரைத் தவிர ஒற்றைச் சொல் புழங்கவில்லை. அந்த இடத்தில் துரிஞ்சில் வந்து நின்றால் மொழிக்கும் ஆதாயம், சொல்லுக்கும் மறுவாழ்வு.

இந்தப் பிரிவினைக்குப் பழைய இலக்கியத்திலும் ஓரளவு இடம் கிடைக்கிறது. சங்கப் பாடல்களில் நாம் அதிகம் சந்திக்கும் சொல் வாவல். குறுந்தொகையின் 172ஆம் பாடலில் கச்சிப்பேட்டு நன்னாகையார், ‘நொப்பறை வாவல் பழுமரம் படரும் பையுள் மாலை’ என்கிறார். நொப்பறை என்றால் மென்மையாகப் பறத்தல். அந்த வாவல் பழுத்த மரத்தைத் தேடிப் போகிறது. நற்றிணை 87இல் நக்கண்ணையார் காட்டும் ‘முள் எயிற்று வாவல்’, ஊருக்குள் இருக்கும் மாமரத்தின் உயர்ந்த கிளையில் தொங்கியபடியே உறங்கி, அழிசி என்னும் தலைவனின் பெருங்காட்டு நெல்லிக்கனியின் புளிப்பைக் கனவு காண்கிறது. நற்றிணை 279இல் வரும் வாவலோ வேப்பம்பழத்தை வெறுத்து இலுப்பைப் பழத்தை நாடுகிறது. மூன்று இடங்களிலும் புலவர் கண்ணில் பட்டது பழம் தின்னும் வௌவால் என்பது வெளிப்படை. எனவே இலக்கியச் சாயல் உள்ள ஒரு சொல்லைப் பழந்தின்னிக்கு வைக்க விரும்பினால் வாவல் பொருந்தும். சிறியவற்றுக்குத் துரிஞ்சில் பொருந்தும்.

பெயரே சொல்லாமல் வௌவாலைக் காட்டும் பாடல்களும் உண்டு. மொழிபெயர்ப்பவர் அவற்றைக் கட்டாயம் படிக்க வேண்டும் என்பேன். குறுந்தொகை 352இல் கடியலூர் உருத்திரங்கண்ணனார் ‘நெடுநீர் ஆம்பல் அடைப்புறத்து அன்ன கொடு மென் சிறைய கூர் உகிர்ப் பறவை’ என்று எழுதுகிறார். அடை என்பது இலை. ஆம்பல் இலையை நீரிலிருந்து எடுத்துப் புரட்டிப் பாருங்கள். மேற்புறத்தின் பச்சை அங்கே இருக்காது. கருஞ்சிவப்பு ஓடிய மங்கிய நிறமும், காம்பு சேரும் இடத்திலிருந்து விரிந்து பரவிப் புடைத்து நிற்கும் நரம்புகளும் தெரியும். வௌவாலின் விரிந்த சிறகை வெளிச்சத்துக்கு எதிரே பார்த்தால் காண்பதும் ஏறத்தாழ இதுவே: மிக நீண்ட விரலெலும்புகள் மணிக்கட்டிலிருந்து பிரிந்து ஓட, அவற்றுக்கிடையே மெல்லிய தோல் இழுத்துக் கட்டியதுபோல் நிற்கிறது. சிறகு என்பது உண்மையில் கைதான் என்ற உடற்கூற்று உண்மையை, அந்தச் சொற்களில் சொல்லாமலே, கண்ணால் கண்டபடி அந்தப் புலவர் பதிந்துவிட்டார். ‘கொடு’ என்ற அடைமொழி வளைவைக் குறிக்கிறது. மடங்கிய நிலையில் அந்தச் சிறகு வளைந்தே இருக்கும்.

இதிலிருந்து மொழிபெயர்ப்புக்கு நேராகப் பயன்படும் செய்தி ஒன்று கிடைக்கிறது. வௌவாலுக்குச் சிறகு, சிறை என்று எழுதலாம். இறகு என்று எழுதக் கூடாது. இறகு என்பது பறவையின் உடலில் முளைக்கும் தூவி. வௌவாலுக்கு அது கிடையாது. ‘தோல் சிறகு’ என்று ஒருமுறை விளக்கிவிட்டு, அதன்பின் சிறகு என்றே எழுதிப் போகலாம்.

புலவர் இதைப் பறவை என்கிறாரே என்ற கேள்வி வகுப்பறையில் எழும். பறப்பது பறவை என்ற அளவில் அன்றைய வழக்கு அது. தொல்காப்பிய மரபியலும் ‘பார்ப்பும் பிள்ளையும் பறப்பவற்று இளமை’ என்று பறப்பனவற்றை எல்லாம் சேர்த்தே பேசுகிறது. இன்றைய அறிவியல் கட்டுரையில் வௌவால் பாலூட்டி என்பதே முதன்மைச் செய்தியாதலால், அதன் இளமைக்குக் குஞ்சு என்று எழுதாமல் குட்டி என்றே எழுதுங்கள். முட்டை, கூடு போன்ற சொற்களும் அருகில் வராமல் பார்த்துக்கொள்ளுங்கள். ‘தூங்கு’ என்ற வினையிலும் கவனம் வேண்டும். பழந்தமிழில் தூங்குதல் என்பது தொங்குதல். அதனால்தான் நற்றிணைப் புலவர் ‘தூங்கு துயில்’ என்று இரண்டையும் அடுத்தடுத்து வைக்க முடிந்தது. இன்று ‘துரிஞ்சில் உத்தரத்தில் தூங்குகிறது’ என்று எழுதினால் உறக்கம் மட்டுமே மனத்தில் படும். தொங்குகிறது என்று எழுதுவதே தெளிவு.

இனி அறிவியல் பக்கத்தில் ஓர் எச்சரிக்கை. உலகில் இதுவரை விவரிக்கப்பட்டுள்ள வௌவால் இனங்கள் 1,400க்கும் மேல். இவற்றைப் பெருவௌவால், சிறுவௌவால் என்று இரண்டே உட்பிரிவாகப் பிரிப்பது நெடுங்காலம் பாடநூல் வழக்கமாக இருந்தது. நீங்கள் மொழிபெயர்க்கும் கட்டுரையிலும் அது இருக்கக்கூடும். கடந்த 25 ஆண்டுகளில் நடந்த மரபணு ஆய்வுகள் அந்தப் பிரிவினையைக் கலைத்துவிட்டன. சிறியனவாக, பூச்சியுண்பனவாக இருக்கும் குதிரைலாட வௌவால்கள், மற்றச் சிறு வௌவால்களைவிடப் பழந்தின்னிகளுக்கே நெருங்கிய உறவு என்று தெரியவந்திருக்கிறது. ஆகவே துரிஞ்சில் என்பதைப் பொதுவழக்குப் பெயராக வைத்துக்கொள்ளலாமே தவிர, வகைப்பாட்டு வரிசையில் ஒரு படிநிலையின் பெயராக வைக்கக் கூடாது. ‘துரிஞ்சில் துணைவரிசை’ என்று எழுதினால் கலைந்துபோன ஒரு பிரிவுக்குப் புதிதாகப் பெயர் சூட்டியதாகிவிடும்.

உருவளவை மட்டும் அளவுகோலாகக் கொண்டாலும் சிக்கல் வரும். இந்தியாவின் பெரிய பழந்தின்னி சிறகை விரித்தால் ஒரு மீட்டருக்கு மேல் போகிறது. மிகச் சிறிய பூச்சியுண்ணிகளோ சில கிராம் எடையே உள்ளவை. இந்த இரண்டு முனைகளை மட்டும் பார்த்தால் எல்லாம் தெளிவாகத்தான் தோன்றும். இடையில் இருப்பவைதான் குழப்பம் தரும். குட்டைமூக்குப் பழந்தின்னி உள்ளங்கைக்குள் அடங்கும் உடலுடையது. பழைய மண்டபங்களில் வாழ்ந்து தவளை, பல்லி, சுண்டெலி, சிறு பறவை ஆகியவற்றை வேட்டையாடும் பெரிய போலி இரத்தவுண்ணி வௌவாலின் எடை ஏறத்தாழ 40 முதல் 60 கிராம். குட்டைமூக்குப் பழந்தின்னியும் அதை ஒட்டிய எடையே உடையது. இவற்றில் எது துரிஞ்சில்? உணவையும் வழியறியும் முறையையும் பாருங்கள் என்பதே என் விடை. தொண்டையிலிருந்து நம் காதுக்கு எட்டாத ஒலியை எழுப்பி, அதன் எதிரொலியைக் கொண்டு இரையையும் தடைகளையும் அறிபவை ஒருபுறம். பெரிய கண்களையும் மோப்பத்தையும் நம்பிப் பழத்தையும் பூந்தேனையும் தேடுபவை மறுபுறம். முதல் கூட்டத்துக்குத் துரிஞ்சில் என்ற சொல் தகும். ஒலியால் வழியறிதலைப் பற்றிய பகுதி உங்கள் கட்டுரையில் இருந்தால், இச்சொல்லை முதன்முதலில் அறிமுகப்படுத்த அதைவிடப் பொருத்தமான இடம் இல்லை. மனிதக் காது கேட்கும் மேல் எல்லை ஏறத்தாழ 20,000 ஹெர்ட்ஸ் என்பதையும் அங்கேயே சொல்லிவிடலாம்.

மரம் என்ற பொருளைப் பற்றிய தயக்கம் நியாயமானது. துரிஞ்சில், துரிஞ்சி என்பன வாகைக்கு உறவான உசில மரத்தையும் குறிக்கும். தலைக்குத் தேய்த்துக் குளிக்கும் அரப்புத்தூள் அதன் இலையிலிருந்து கிடைப்பதுதான். பறந்தது, தொங்கியது போன்ற வினையோடு வரும்போது குழப்பத்துக்கு வழியே இல்லை. ஆனால் ‘துரிஞ்சில் நிறைந்த காடு’, ‘துரிஞ்சிலின் நிழல்’ போன்ற தொடர்களில் படிப்பவர் மரத்தை நினைப்பதற்கே வாய்ப்பு மிகுதி. திருவண்ணாமலை மாவட்டத்துத் துரிஞ்சாபுரம் போன்ற ஊர்ப்பெயர்களைக் கண்டதும் வௌவாலை நினைத்துவிடவும் வேண்டாம். தமிழில் ஊர்ப்பெயர்கள் பெரும்பாலும் மரத்தை ஒட்டி அமைவதால், அங்கெல்லாம் முதலில் நினைக்க வேண்டியது மரத்தையே. வாவல் என்ற சொல்லுக்கும் இதே தொல்லை உண்டு. வாவுதல் என்றால் தாவுதல் என்பதால் வாவல் என்பது தாவுதலையும் குறிக்கும். வாவல் என்றும் வௌவால் என்றும் பெயர் பெற்ற கடல்மீனும் இருக்கிறது.

இலக்கணத்தைப் பொறுத்தவரை துரிஞ்சில், மயில், குயில் போன்ற சொற்களின் வழியிலேயே நடக்கும். மயில்கள் என்பதுபோலத் துரிஞ்சில்கள். மயிலுக்கு என்பதுபோலத் துரிஞ்சிலுக்கு. நன்னூல் விதிப்படி வேற்றுமைப் புணர்ச்சியில் லகரம் வல்லினத்தின் முன் றகரமாகும் என்பதால் ‘துரிஞ்சிற்கூட்டம்’ என்பதே மரபு வடிவம். ஆயினும் இச்சொல்லை முதன்முறையாகச் சந்திக்கும் மாணவருக்கு அந்தத் திரிபு மூலச்சொல்லையே மறைத்துவிடும். ‘துரிஞ்சில்களின் கூட்டம்’ என்று பிரித்து எழுதுவதையே நான் விரும்புவேன்.

வௌவால் என்பதைத் தட்டச்சு செய்யும்போது செய்ய வேண்டிய சரிபார்ப்பு ஒன்று உண்டு. ஔகாரக் குறியும் ளகர எழுத்தும் பார்வைக்கு ஒன்றுபோல் இருப்பதால், பலர் ‘வெ’ எழுத்தையும் ‘ள’ எழுத்தையும் தனித்தனியே தட்டிவிடுகிறார்கள். அச்சில் வேறுபாடு தெரியாது. தேடுபொறி மட்டும் அதை வேறொரு சொல்லாகக் கொள்ளும், திரைவாசிப்பான் ‘வெளவால்’ என்றே ஒலிக்கும். பார்வையற்ற மாணவர்களும் உங்கள் இதழைப் படிக்கக்கூடும் என்பதால் இதைப் பொருட்படுத்தாமல் விட வேண்டாம். வவ்வால் என்று எழுதினாலும் அது இலக்கணம் கூறும் போலி (எழுத்து மாறினாலும் பொருள் மாறாத வடிவம்) என்ற முறையில் சரியே. எதை எடுத்தாலும் கட்டுரை முழுவதும் அதையே கையாளுங்கள்.

உங்கள் தொடரை நான் இப்படி அமைப்பேன்: ‘அந்தி மயங்கியதும் மண்டபத்தின் இருளிலிருந்து துரிஞ்சில்கள் என்னும் சிறிய, பூச்சியுண்ணும் வௌவால்கள் கூட்டமாகப் பறந்து வெளியேறின.’ முதல் முறை மட்டும் இந்த விளக்கம் போதும். அடுத்த பத்தியிலிருந்து துரிஞ்சில் என்று தனியாகவே எழுதலாம். கட்டுரைத் தலைப்பில் மட்டும் வௌவால் என்ற பொதுப்பெயரே இருக்கட்டும்.