ஸ்கிளிரோஷியம் என்றால் என்ன? அது பூஞ்சையின் விதையா, வித்தா, காளானா?

கேட்டவர் வேளாண்மை படிக்கிற மாணவர் போலிருக்கிறது. நிலக்கடலைத் தண்டழுகல் பாடத்தில் ‘ஸ்கிளிரோஷியம் ரோல்ஃப்சி’ என்று கிருமியின் பெயராக வருகிறது, கம்பு தேன் ஒழுகல் நோயில் கதிரில் தொங்குகிற கறுப்புப் பொருளுக்கு அதே சொல் வருகிறது, இணையத்தில் தேடினால் மருந்துக் காளான் விற்கிறவர்கள் அதே பெயரில் ஏதோ ஒரு கிழங்குக்கு விலை போட்டிருக்கிறார்கள், மூன்றும் ஒன்றுதானா என்று கேட்டிருக்கிறார். நியாயமான குழப்பம். பயிர் நோயியல் படித்துவிட்டு, நாற்றங்கால்களிலிருந்தும் வயல்களிலிருந்தும் வரும் மாதிரிகளைப் பார்த்துக் கிருமியைக் கண்டுபிடித்துச் சொல்லும் வேலையில் இருக்கிறேன் என்பதால் எனக்கு இந்தச் சொல் அன்றாடம் புழங்குகிற ஒன்று. கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

முதலில் பொருள். பூஞ்சையின் இழைகள் ஒன்றோடொன்று பின்னி இறுகி, மேலே கெட்டியான தோல் கட்டி, உள்ளே உணவைச் சேர்த்து வைத்துக்கொண்டு, வெயிலோ குளிரோ பயிர் இல்லாத காலமோ கழியும்வரை உறங்கிக் கிடக்கிற கட்டிதான் ஸ்கிளிரோஷியம். பன்மையில் ஸ்கிளிரோஷியா. விதை என்று சொல்ல முடியாது, ஏனென்றால் உள்ளே கரு கிடையாது. வித்து என்றும் சொல்ல முடியாது. பூஞ்சை வித்து பெரும்பாலும் ஒன்றோ சிலவோ செல்கள்தான், நுண்ணோக்கி இல்லாமல் தெரியாது, இதுவோ எண்ணற்ற செல்கள் சேர்ந்தது, பல இனங்களில் வெறும் கண்ணுக்கே தெரியும். காளானும் இல்லை. காளான் வித்துகளை உண்டாக்கிப் பரப்புகிற உறுப்பு. ஸ்கிளிரோஷியம் தன் உடம்பையே மூட்டை கட்டி வைப்பது, அவ்வளவுதான்.

ரோல்ஃப்சியை உருளைக்கிழங்கு டெக்ஸ்ட்ரோஸ் அகார் என்ற வளர்ப்புக் கூழில் வளர்த்துப் பார்த்தால் இது உருவாகிற விதம் கண்முன்னே நடக்கும். மூன்று நான்கு நாளில் வெள்ளை இழை பெட்ரி தட்டு முழுக்கப் பரவிவிடும். அப்புறம் தட்டின் ஓரமாக இழைகள் ஆங்காங்கே முடிச்சுப் போடத் தொடங்கும், சின்னச் சின்ன வெள்ளை உருண்டைகள். அந்தக் கட்டத்தில் உற்றுப் பார்த்தால் ஒவ்வொரு உருண்டையின் மேலும் தெளிவான நீர்த்துளி வேர்த்து நிற்கும். உருண்டை இறுகும்போது உள்ளே இருக்கிற நீர் இப்படி வெளியேறுகிறது. பிறகு வெள்ளை வெளிர் மஞ்சளாகி, பழுப்பாகி, கடைசியில் அடர் பழுப்பில் கடுகளவு மணியாக நின்றுவிடும். விட்டம் அரை மில்லிமீட்டரிலிருந்து இரண்டு மில்லிமீட்டர் வரை. பிளேடால் குறுக்கே வெட்டினால் வெளித்தோல் மட்டும்தான் அடர் நிறம், உள்ளே வெளுப்பாக இருக்கும். அந்தத் தோலுக்கு நிறம் தருவது மெலனின். உலர்தலும் வெயிலும் மண்ணில் இருக்கிற மற்ற நுண்ணுயிரிகளும் சுலபத்தில் உள்ளே போகாமல் காப்பது அதுதான்.

தோல், நடு அடுக்கு, உள்மையம் என்று மூன்று அடுக்கு வரைந்து பாகங்களைக் குறிக்கச் சொல்லித் தேர்வில் கேட்பார்கள். வரையுங்கள், மதிப்பெண் கிடைக்கும். ஆனால் எல்லா ஸ்கிளிரோஷியத்துக்கும் அந்த மூன்றடுக்கு உண்டு என்று எழுதிவிடாதீர்கள். நெல்லில் இலையுறைக் கருகல் நோய் தருகிற ரைசோக்டோனியா சொலானியில் தோல், மையம் என்ற பாகுபாடே சரியாக இருக்காது, ஒழுங்கற்ற பழுப்புத் துணுக்காகத்தான் இருக்கும். ஆனாலும் அது ஸ்கிளிரோஷியம்தான். எள்ளிலும் பயறு வகைகளிலும் வேரழுகல் தருகிற மேக்ரோஃபோமினா ஃபேசியோலினாவில் அது இன்னும் சிறியது, மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு அளவுதான், அதனால் நுண் ஸ்கிளிரோஷியம் என்பார்கள். காய்ந்த எள் செடியின் அடித்தண்டில் பட்டையை உரித்தால் கரித்தூள் தூவியது போல இருக்குமே, அதுதான்.

இப்போது பெயர் விவகாரம். இங்கேதான் எல்லாரும் தடுக்கி விழுகிறார்கள். டோடே என்ற ஜெர்மானியர் 1790-லேயே ஸ்கிளிரோஷியம் என்று ஒரு பேரினத்தை ஏற்படுத்திவிட்டார். அந்தக் காலத்தில் கண்ணில் பட்டதை வைத்துத்தான் வகைப்படுத்தினார்கள். வித்தே காணோம், கறுப்பு மணி மட்டும் இருக்கிறது என்றால் அந்தப் பெட்டியில் போட்டுவிடுவார்கள். அமெரிக்காவின் புளோரிடாவில் ரோல்ஃப்ஸ் 1892-ல் தக்காளி வாடலில் பார்த்துச் சொன்ன பூஞ்சைக்கு, இத்தாலியரான சக்கார்டோ 1911-ல் ஸ்கிளிரோஷியம் ரோல்ஃப்சி என்று பெயர் வைத்ததும் இந்த வழியில்தான். பின்னால் அதன் பாலினப் பருவம் தெரிந்தபோது அது காளான்கள் இருக்கிற பசிடியோமைசீட்டுக் கூட்டத்தைச் சேர்ந்தது என்று புரிந்து அத்தீலியா ரோல்ஃப்சி என்ற பெயரும் வந்தது. அதே பெட்டியில் இருந்த, வெங்காயத்திலும் பூண்டிலும் வெள்ளை அழுகல் தருகிற ஸ்கிளிரோஷியம் செப்பிவோரமோ ஆஸ்கோமைசீட்டு என்ற வேறொரு பெரிய பூஞ்சைக் கூட்டம். இரண்டுக்கும் உறவே இல்லை. ஆக அந்தப் பேரினப் பெயர் சொந்தபந்தத்தைச் சொல்லவில்லை, தோற்றத்தைத்தான் சொன்னது. ஒரு பூஞ்சைக்கு இரண்டு பெயர் இருக்கலாம் என்ற ஏற்பாட்டை 2011-ல் மெல்போர்னில் நடந்த தாவரவியல் மாநாட்டில் முடிவுக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். ஆனாலும் நோய் அறிக்கைகளில் இன்றைக்கும் ரோல்ஃப்சியைப் பழைய பெயரில்தான் பலரும் எழுதுகிறோம், சொன்னால் சட்டென்று புரிகிற பெயர் அதுதானே.

தமிழில் எழுதும்போது ஒரு கூடுதல் சிக்கல். ஆங்கிலத்தில் பேரினம் என்றால் பெரிய எழுத்தில் தொடங்கிச் சாய்த்து எழுதுவார்கள், உறுப்பு என்றால் சாதாரணமாக எழுதுவார்கள். நமக்குப் பெரிய எழுத்து கிடையாது. அதனால் ‘மண்ணில் ஸ்கிளிரோஷியம் இருந்தது’ என்று ஒருவர் எழுதினால் கிருமியைச் சொல்கிறாரா, அதன் கட்டியைச் சொல்கிறாரா என்று தெரியாது. கிருமி என்றால் இனப் பெயரையும் சேர்த்து முழுதாக எழுதுங்கள், கட்டி என்றால் ‘ஸ்கிளிரோஷியா’ என்று பன்மையிலோ ‘ரோல்ஃப்சியின் ஸ்கிளிரோஷியம்’ என்றோ எழுதுங்கள். ஸ்கிளிரோட்டினியா என்று இன்னொரு பேரினம் வேறு இருக்கிறது. சூரியகாந்தி, பீன்ஸ், கேரட் என்று குளிர்ச்சியான இடங்களில் போடு போடுகிற கிருமி. அதையும் இதோடு கலந்துவிடாதீர்கள்.

கம்புக்கு வருவோம். தேன் ஒழுகலில் பூக்கும் சமயத்தில் கிருமி சூலகத்துக்குள் போகிறது. முதலில் கதிரிலிருந்து ஒட்டும் இனிப்புத் திரவம் வடியும், அதில் வித்துகள் இருக்கும், பூச்சியும் மழையும் அடுத்த பூவுக்குக் கொண்டுபோகும். பிறகு தானியம் பிடிக்க வேண்டிய இடத்தில் கறுத்த ஸ்கிளிரோஷியம் உமியை விட்டு நீட்டிக்கொண்டு வளரும். ஐரோப்பாவில் ரை தானியத்தில் வருவதும் இதே வகைதான், அதைத்தான் எர்காட் என்கிறார்கள். அதைத் தானியமே விகாரமாகிப்போனது என்று நினைத்தவர்கள் உண்டு. தேன் பருவத்துக்கு ஒரு பெயர், கறுப்புக் கொம்புக்கு ‘ஸ்கிளிரோஷியம் கிளேவஸ்’ என்று இன்னொரு பெயர் என்று தனித்தனிப் பூஞ்சையாகவும் வைத்திருந்தார்கள். எல்லாம் ஒரே பூஞ்சையின் பருவங்கள் என்று 1853-ல் காட்டியவர் பிரான்சின் துலான். அந்தக் கொம்பு கலந்த மாவைச் சாப்பிட்டுக் கைகால் அழுகிச் செத்தவர்கள் மத்திய கால ஐரோப்பாவில் ஏராளம். அதே கொம்பிலிருந்து 1935-ல் பிரித்தெடுத்த எர்கோமெட்ரின்தான் பிரசவத்துக்குப் பின் ரத்தப்போக்கை நிறுத்தக் கொடுக்கிற மருந்துகளில் ஒன்று. கம்பில் வருவது வேறு இனம், கிளேவிசெப்ஸ் ஃபியூசிஃபார்மிஸ். அதன் நஞ்சும் வேறு: குமட்டல், வாந்தி, தலைசுற்றல், தூக்கக் கலக்கம். 1975-ல் ராஜஸ்தானில் இப்படி ஆட்கள் பாதிக்கப்பட்டது பதிவாகியிருக்கிறது.

விதைக் கம்பில் இதை நீக்க நம் ஊரில் சொல்கிற வழி எனக்கு ரொம்பப் பிடித்தது. பத்து லிட்டர் தண்ணீரில் ஒரு கிலோ சமையல் உப்பைக் கரைத்து விதையைக் கொட்டினால் ஸ்கிளிரோஷியா மிதக்கும், நல்ல விதை அடியில் தங்கும். மிதப்பதை அள்ளிப் போட்டுவிட்டு, விதையை நல்ல தண்ணீரில் இரண்டு மூன்று முறை அலசி நிழலில் உலர்த்த வேண்டும். அலசாமல் விட்டால் உப்பு முளைப்பைக் கெடுக்கும்.

மருந்துக் காளான் கடை சமாச்சாரம். அவர்கள் விற்பதில் சில உண்மையாகவே ஸ்கிளிரோஷியம். மலேசியாவில் புலிப்பால் காளான் என்று விற்பதில் மருந்தாவது மேலே தெரிகிற குடை இல்லை, மண்ணுக்குள் இருக்கிற கட்டிதான். சீன மருத்துவத்தின் ஃபூலிங், பைன் மர வேரில் விளைகிற பெரிய ஸ்கிளிரோஷியம். சாகா என்று பிர்ச் மரத்திலிருந்து வெட்டி விற்கிற கரிக்கட்டி போன்றதையும் ஸ்கிளிரோஷியம் என்று சிலர் எழுதுகிறார்கள், எனக்கு அது உடன்பாடில்லை. அது உறங்கிக் கிடந்து முளைக்கிற உறுப்பு இல்லை, உயிருள்ள மரத்தோடு ஒட்டி ஆண்டுக்கணக்கில் வளர்ந்துகொண்டே இருக்கிற மலட்டுக் கட்டி. டிரஃபிள் என்ற விலை உயர்ந்த சமையல் பொருளும் ஸ்கிளிரோஷியம் இல்லை, மண்ணுக்கடியில் இருந்தாலும் அது வித்து நிறைந்த கனியுறுப்பு. இந்த வேறுபாடு புத்தகத்தோடு நிற்கிற விஷயம் என்று நினைத்தால் நெதர்லாந்தைப் பாருங்கள்: 2008 டிசம்பரில் போதைக் காளான்களை அங்கே தடை செய்தார்கள், ஆனால் சட்டம் காளானைத்தான் சொன்னது, அதே பூஞ்சைகளின் ஸ்கிளிரோஷியத்தைச் சொல்லவில்லை. கடைக்காரர்கள் அதற்கு ‘டிரஃபிள்’ என்று பெயர் வைத்து விற்கத் தொடங்கிவிட்டார்கள். உயிரியல்படி அந்தப் பெயர் தப்பு, வியாபாரத்துக்கு நல்ல பெயர்.

என்னைக் கேட்டால், ஒரு ஸ்கிளிரோஷியத்தைப் பார்த்ததும் கேட்க வேண்டியது ‘இது எப்படி விழிக்கும்’ என்பதுதான். நிர்வாகம் முழுக்க அதில்தான் இருக்கிறது. ரோல்ஃப்சி நேராக இழை விட்டு முளைத்து, பக்கத்தில் இருக்கிற தண்டைப் பிடிக்கும். வித்தை நம்பிப் பரவுகிற கிருமி இல்லை அது. காய்ந்து கிடந்த மண் நனையும்போது இன்னும் சுறுசுறுப்பாக முளைக்கும், காற்று வேண்டும், அதனால் ஆழ உழுது அடியில் புதைத்தால் அடங்கும். ஸ்கிளிரோட்டினியா குளிர்ந்த ஈர மண்ணில் சின்னக் கிண்ணம் போன்ற காளானை மேலே அனுப்பி, அதிலிருந்து வித்துகளைக் காற்றில் வீசும், எனவே எங்கேயோ இருக்கிற பக்கத்து வயலும் கணக்கில் வரும். ரைசோக்டோனியாவின் துணுக்குகள் பாசன நீரில் மிதந்து, நெல்தூரில் நீர்மட்டம் தொடும் இடத்தில் ஒட்டிக்கொண்டு முளைக்கும். நோய்த் திட்டுகள் பெரும்பாலும் நீர்மட்டத்தை ஒட்டி ஆரம்பிப்பது அதனால்தான். எல்லாவற்றையும்விட விசித்திரமானது வெங்காய வெள்ளை அழுகல். அந்த ஸ்கிளிரோஷியா மண்ணில் இருபது ஆண்டு வரைகூட உயிரோடு கிடக்கும், வெங்காயக் குடும்பத்து வேர்கள் விடுகிற கந்தக வாசம் பட்டால்தான் விழிக்கும். அதனால் வெங்காயம் இல்லாத பருவத்தில் அந்த வாசப் பொருளை, டைஅல்லைல் டைசல்ஃபைடை, மண்ணில் செலுத்தி ஏமாற்றி முளைக்க வைத்துப் பட்டினி போட்டுக் கொல்கிற முறையை ஆராய்ந்து பயன்படுத்தியும் பார்த்திருக்கிறார்கள்.

பயிருக்கு மருந்தடித்தால் போதாதா என்று கேட்பார்கள். ஓடுகிற இழையை அடக்கும், மண்ணில் உறங்குகிற மணியை அவ்வளவாக ஒன்றும் செய்யாது. அடுத்த பட்டத்தில் அதே இடத்தில் திரும்ப வரும். அதனால்தான் டிரைக்கோடெர்மாவைச் சொல்கிறோம், அது ஸ்கிளிரோஷியத்தின் தோலைத் துளைத்து உள்ளே போய்த் தின்கிற பூஞ்சை. எக்டேருக்கு இரண்டரை கிலோவை ஐம்பது கிலோ மக்கிய தொழு உரத்தில் கலந்து இடுவது வழக்கம். அதோடு நோய் வந்த செடியைப் பிடுங்கி வரப்பில் வீசாமல் அப்புறப்படுத்த வேண்டும், வீசிய செடியிலும் மணிகள் விளையும்.

கடைசியாக, நீங்கள் கையில் எடுத்திருப்பது ஸ்கிளிரோஷியம்தானா என்று பார்க்கும் வழி. தொட்டிச் செடி மண்ணில் பழுப்பு உருண்டைகள் இருக்கின்றன, தண்டழுகல் வந்துவிட்டது என்று பதறிக்கொண்டு அனுப்புகிற படங்களில் பல, மெதுவாகக் கரைகிற உரக் குருணைகள்தான். விரலுக்கு நடுவில் வைத்து நசுக்குங்கள். உரம் என்றால் மேலோடு உடைந்து உப்புத் தூளோ திரவமோ வரும், மணிகள் மண்ணில் ஒரே மாதிரி சிதறியும் இருக்கும். ஸ்கிளிரோஷியம் என்றால் பிளேடால் வெட்டிப் பார்த்தால் உள்ளே திண்மையாக வெளுத்திருக்கும், பக்கத்தில் தண்டின் அடியில் வெள்ளை இழை விசிறியாகப் படர்ந்திருக்கும். அப்படியும் சந்தேகம் தீரவில்லை என்றால் ஈரத் துணியில் சுற்றி மூடிய டப்பாவில் இரண்டு மூன்று நாள் வையுங்கள், பெரும்பாலும் இழை விட்டுக் காட்டிவிடும்.