சணல் ஆலை அப்பா

அன்புள்ள ஐயா,

நம் அடையாறு பிரம்மஞான சபையின் தலைவராக இருந்த ராதா பர்னியர் நடித்த படம் என்பதற்காக பிரெஞ்சு இயக்குநர் ரெனுவாரின் ‘தி ரிவர்’ பார்த்தேன். அதில் வங்காளத்தில் சணல் ஆலை நடத்தும் வெள்ளைக்கார அப்பாவாக வருபவர் மனதில் நின்றுவிட்டார். பெயர் எஸ்மண்ட் நைட். 1934இல் ஹிட்ச்காக் படத்தில் இசையமைப்பாளர் இளைய ஸ்ட்ராஸாக, கதாநாயகனாக நடித்தவராம். பிறகு வந்ததெல்லாம் பெரும்பாலும் சின்ன வேடங்கள். வீணாய்ப்போன நடிகர் என்று இவரைச் சொல்லலாமா?

க., திருச்சி

அன்புள்ள க.,

அப்படிச் சொல்ல எனக்கு மனம் வராது. அவர் மறுபடி கேமரா முன்னால் வந்து நின்றதே பெரிய காரியம்.

1941 மே 24. கிரீன்லாந்துக்கும் ஐஸ்லாந்துக்கும் நடுவே உள்ள கடல். இரண்டாம் உலகப் போர். நைட் அப்போது பிரிட்டனின் ‘பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்’ போர்க்கப்பலில் கடற்படை அதிகாரி. எதிரே ஜெர்மனியின் ‘பிஸ்மார்க்’. சண்டை தொடங்கிய சில நிமிடங்களில் கூட வந்த ‘ஹூட்’ வெடித்து மூழ்கியது. அதிலிருந்த 1,400க்கும் மேற்பட்டவர்களில் பிழைத்தவர்கள் மூன்றே பேர். அடுத்த குண்டுகள் நைட்டின் கப்பலில் விழுந்தன. அவருக்கு ஒரு கண் போயிற்று, மற்றதிலும் பார்வை இல்லை. வயது 35.

இரண்டு வருடம் முழு இருட்டு. அந்த நிலையிலேயே ‘தி சில்வர் ஃப்ளீட்’ படத்தில் ஜெர்மன் அதிகாரியாக நடித்தார். தரையில் போட்ட குறியைக் குனிந்து பார்க்காமல் சரியாக அதில் வந்து நிற்பது கண் தெரிந்த நடிகருக்கே சிரமம். 1943இல் சிகிச்சையால் மிஞ்சிய கண்ணில் கொஞ்சம் பார்வை திரும்பியது. அதை வைத்துக்கொண்டுதான் லாரன்ஸ் ஒலிவியர் எடுத்த ஷேக்ஸ்பியரின் ‘ஐந்தாம் ஹென்றி’யில் வெல்ஷ் கேப்டன் ஃப்ளூவெலனாக வந்தார். படபடவென்று பேசும், சட்டென்று கோபம் வரும், நல்ல மனசுக்காரன். அந்த வேடம் ஒன்று போதும், அவர் பெயர் சொல்ல.

‘பிளாக் நார்சிஸஸ்’ படத்தில் முகத்துக்குப் பழுப்புச் சாயம் பூசி இமயமலை ஜெனரலாக வருவார். அது எனக்குப் பிடிக்கவில்லை. பிடிக்காததையும் சொல்லிவிட வேண்டும் அல்லவா.

நீங்கள் கட்டாயம் பார்க்கவேண்டியது, 1960இல் வந்த ‘சிங்க் தி பிஸ்மார்க்!’ படம். கறுப்பு வெள்ளை. அதில் ‘பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்’ கப்பலின் கேப்டன் லீச்சாக நடித்திருப்பவர் நைட்தான். உண்மையான லீச், நைட்டின் சொந்த கேப்டன். மே மாதச் சண்டையில் தப்பித்தவர், அதே வருடம் டிசம்பர் 10 அன்று மலாயாவின் குவாந்தானுக்கு அப்பால் கடலில் ஜப்பானிய விமானங்கள் அந்தக் கப்பலை மூழ்கடித்தபோது இறந்துபோனார். பத்தொன்பது வருடம் கழித்து, தன் கண்ணைப் பறித்த அதே காலையை, செத்துப்போன தன் கேப்டனின் உடுப்பில் நின்று நைட் மறுபடி நடிக்கிறார். திரையில் வருவது கொஞ்ச நேரம்தான். விஷயம் தெரியாதவர்கள் யாரோ ஒரு கப்பல் அதிகாரி என்று கடந்துபோவார்கள். தெரிந்தபிறகு என்னால் அந்த முகத்தைவிட்டுக் கண்ணை எடுக்க முடியவில்லை. சோகத்தைக் காட்ட அவர் எதுவுமே செய்யவில்லை. உத்தரவு கொடுக்கிறார், அவ்வளவுதான்.

அதே வருடம் மைக்கேல் பவலின் ‘பீப்பிங் டாம்’ வந்தது. பார்ப்பதைப் பற்றியே எடுத்த படம். அதில் வரும் சினிமா இயக்குநர் வேடம் நைட்டுக்கு.

சரி, ‘தி ரிவர்’ படத்துக்கு வருகிறேன். அம்மாவாக வரும் நோரா ஸ்வின்பர்ன் நிஜத்திலும் அவர் மனைவி. ஒற்றைக்கால் கேப்டன் ஜானாக வரும் தாமஸ் பிரீனும் போரில் நிஜமாகவே ஒரு காலை இழந்தவர். சின்னப் பையன் பாம்பு கடித்து இறந்தபிறகு அந்த வீடு அமைதியாக இருக்கிறதே, அந்த இடத்தை மட்டும் இன்னொரு முறை போட்டுப் பாருங்கள். பார்த்துவிட்டு எழுதுங்கள்.